வருகைப் பதிவு

லிபோவிட்ஸே, 6 பிப்ரவரி 1977

மதிப்புக்குரிய திரு. ஹினெக் தூமா அவர்களுக்கு,

இந்த விளிப்பைப் பார்த்துச் சிரிக்க வேண்டாம். நான் விளையாட்டுக்கு எழுதவில்லை.

நேற்று இறைச்சிக் கடை வரிசையில் நின்றிருந்தேன். முன்னால் நின்ற பக்கத்து வீட்டுக்காரி பத்திரிகையை என் மூக்குக்கு நேராக நீட்டினாள். "பாரு ரூஷேனா, உங்க ஹினெக் பேரும் வந்திருக்கு. நம்ம ஊருக்கே பெருமை" என்றாள். சாசனத்தைக் கண்டிக்கும் கலைஞர்கள் என்று பக்கம் முழுக்கப் பெயர்கள். மூன்றாவது பத்தியில், ஒரு சர்க்கஸ் கோமாளிக்கும் ஒரு அக்கார்டியன் வாசிப்பவருக்கும் நடுவில் நீங்கள் இருந்தீர்கள்.

அந்தச் சாசனத்தில் கையெழுத்துப் போட்டவர்களில் என் கணவரும் ஒருவர் என்பது உங்களுக்குத் தெரியும். அரசாங்கம் தன் சட்டத்தில் எழுதிவைத்ததைத் தானே மதிக்க வேண்டும் என்று கேட்கும் காகிதம் அது, அவ்வளவுதான். அதற்காக எங்கள் நாடக அரங்கின் இயக்குநராக இருந்த அந்த மனிதர், ராடிம் வாலெந்தா, இப்போது மரத் தொழிற்சாலையின் கொதிகலனுக்குக் கரி அள்ளிப் போடுகிறார். ரொட்டிக் கடைக்காரரின் மகனாக, நகக்கண்ணில் மாவோடு வந்து நின்ற உங்களை முதன்முதலில் மேடையேற்றியவர் அவர். "இவனுக்கு நாலு வரி சேந்தாப்ல மனசுல நிக்காது" என்று மற்ற எல்லோரும் சொன்னபோது, "நிக்கலைன்னா ரூஷேனா எடுத்துக் குடுப்பா. பெட்டிக்குள்ள சும்மா உக்காரவா அவளுக்குச் சம்பளம்?" என்றார். நானும் ஏழு வருடம் மேடை விளிம்பில் அந்த பிராம்ப்டர் பெட்டிக்குள் குனிந்து உட்கார்ந்து, உங்கள் வசனத்தையெல்லாம் எடுத்துக் கொடுத்தேன்.

பத்திரிகையை அவரிடம் காட்டினேன். இரண்டு தடவை படித்தார். முட்டைகோஸ் சூப்பைக் குடித்து முடித்தார். "உப்பு கொஞ்சம் கம்மி" என்றார்.

1957 புத்தாண்டு விருந்தில் பிளம் பிராந்திக் கோப்பையை உங்கள் கோப்பையோடு இடித்து, "இனிமே என்னை நீன்னே கூப்பிடு" என்றேன். அந்த உரிமையை வயதில் மூத்த பெண்தான் கொடுக்க வேண்டும் என்பது நம் வழக்கம். கொடுத்ததைத் திரும்ப வாங்கலாமா என்பதற்கு வழக்கம் ஒன்றும் இல்லை. நான் வாங்கிக்கொள்கிறேன். இனி நமக்குள் நீங்கள்தான், அதுவும் பேச அவசியம் வந்தால்.

ரூஷேனா வாலெந்தோவா


பிராக், 13 பிப்ரவரி 1977

அன்புள்ள ரூஷெங்கா,

நீ எதை வேண்டுமானாலும் திரும்ப வாங்கிக்கொள். நான் நீ என்றுதான் எழுதுவேன். இருபது வருடப் பழக்கம் ஒரு தபாலில் போய்விடுமா?

நடந்ததை நடந்தபடி சொல்கிறேன். நடிகர்கள் எல்லோரும் காலை பத்து மணிக்குக் கூட்டத்துக்கு வர வேண்டும் என்று உத்தரவு. போனேன். வாசலில் மேஜை போட்டு ஒரு அம்மாள் உட்கார்ந்திருந்தார். கண்ணாடியைத் தூக்கி என்னைப் பார்த்தார். "அடடே, நம்ம கலினா. ஞாயித்துக்கிழமை ஆனா என் பேத்தி டிவி முன்னாடி இருந்து அசைய மாட்டா. இங்க ஒரு கையெழுத்துப் போட்டுட்டு உள்ள போங்க" என்றார். வருகைப் பதிவுதானே என்று போட்டேன். உள்ளே பேசினார்கள், தட்டினோம், ஹாம் வைத்த ரொட்டித் துண்டு கொடுத்தார்கள், தின்றோம். மறுவாரம் பார்த்தால் அந்தப் பதிவு அப்படியே பத்திரிகையில் வந்திருக்கிறது. வகுப்பில் 'உள்ளேன் ஐயா' சொன்னவனைப் பிடித்து, பாடம் முழுவதையும் ஒப்புக்கொண்டாய் என்று சொன்னால் அவன் என்ன செய்வான்?

கலினா யார் என்று நீ கேட்கலாம். உங்கள் வீட்டுத் தொலைக்காட்சி பழுது என்று போன வருடம் எழுதியிருந்தாய். நான்தான் டிராம் ஓட்டுநர் கலினா, புதிய தொடரில். பதினாறு படத்தில் நடித்தேன், அதில் ஒன்று வெனிஸ் வரை போய்ப் பரிசு வாங்கியது. தெருவில் ஒரு நாய்கூட என்னைத் திரும்பிப் பார்க்கவில்லை. ஒரே ஒரு டிராமில் ஏறினேன், இப்போது கடைக்குப் போய் வெங்காயம் வாங்க முடியவில்லை.

ராடிமிடம் இதைச் சொல். அவருக்குப் புரியும். உன் வேலையையாவது விட்டுவைத்தார்களே, அது எனக்குப் பெரிய நிம்மதி.

உன் ஹினெக்


லிபோவிட்ஸே, 20 பிப்ரவரி 1977

திரு. தூமா,

வருகைப் பதிவு என்ற கதையை உங்களுக்கு முன்பே மூன்று பேர் எனக்கு எழுதிவிட்டார்கள். அந்த வாசல் மேஜையில் மொத்த நாடே ஏமாந்துபோயிருக்கிறது போலும்.

ஏழு வருடம் கீழேயிருந்து உங்கள் வாயைப் பார்த்தவள் நான். வசனம் நிஜமாகவே மறந்துபோனால் மூக்கைத் தொடுவீர்கள். மறக்காமலே மறந்த மாதிரி நடிக்கும்போது சிரிப்புக் காட்டுவீர்கள். உங்கள் கடிதத்தில் சிரிப்பு ரொம்ப அதிகம்.

என் வேலையைப் பற்றி நீங்கள் நிம்மதி அடையவும் வேண்டாம், கவலைப்படவும் வேண்டாம். அது என் பாடு. இனி எழுதாதீர்கள்.

ரூ. வாலெந்தோவா


பிராக், 18 டிசம்பர் 1979

அன்புள்ள ரூஷெங்கா,

எழுதாதே என்றாய். கிறிஸ்துமஸ் வருகிறது, விருந்துக்கு உயிரோடு வாங்கிய கெண்டை மீன் குளியல் தொட்டியில் நீந்திக்கொண்டிருக்கிறது, அதை அடிக்க மனம் வராமல் மூன்று நாளாகக் குளிக்காமல் இருக்கிறேன். இந்த நிலைமையில் இருப்பவனை மன்னித்துவிடு.

கலினாவுக்கு இரண்டாவது பாகம் எடுத்தார்கள். மிச்ச நேரமெல்லாம் டப்பிங்தான். பிரெஞ்சுக்காரன் முத்தம் கொடுக்கிறான், நான் இருட்டறையில் என் புறங்கையை உறிஞ்சிச் சத்தம் கொடுக்கிறேன். மேடையில் பெரிய வேடம் ஏதும் தரமாட்டேன் என்கிறார்கள். "நீங்க நுழைஞ்சதும் ஜனங்க சிரிக்கிறாங்க, துரோகக் கதைக்கு அது ஒத்து வராது" என்று இயக்குநர் சொன்னார். கலினாவை எல்லோருக்கும் பிடித்திருக்கிறது, அதுதான் என் சிக்கல்.

ஒரு விஷயம். டப்பிங் வசனம் எழுத ஆள் தேவைப்படுகிறது. ராடிமின் பெயரைப் போட விடமாட்டார்கள். அவர் எழுதட்டும், என் பெயரில் கொடுக்கிறேன். இங்கே பலர் அப்படித்தான் செய்கிறார்கள். அவருடைய முதுகுக்கு அந்தக் கரி அள்ளும் வேலை ஆகாது. அவரிடம் கேட்டுச் சொல்.

ஹினெக்


லிபோவிட்ஸே, 9 ஜனவரி 1980

திரு. தூமா,

கேட்டேன். ராடிம் வெகுநேரம் சிரித்தார். "என் பேருல கையெழுத்துப் போட்டுட்டு இங்க வந்து உக்காந்திருக்கேன். இப்ப அவன் பேருல எழுதணுமா? அவன் பேரு ஏற்கனவே ஒரு காகிதத்துல இருக்கே, அது போதாதான்னு கேளு" என்றார். பிறகு, "ஆனா முதுகைப் பத்தி நெனச்சான் பாரு, அதுக்கு நன்றின்னு எழுது" என்றார். எழுதிவிட்டேன்.

ரூ. வா.


பிராக், 22 அக்டோபர் 1984

ரூஷெங்கா,

ராடிமை வழியனுப்ப வந்தேன், ஆனால் உள்ளே வரவில்லை. நேரடியாகச் சொல்லிவிடுகிறேன், வேறு யாராவது சொல்லி நீ தெரிந்துகொள்ள வேண்டாம்.

பத்தேகாலுக்கு ரயிலை விட்டு இறங்கினேன். தகன மண்டபம் பத்து நிமிட நடை. ஸ்டேஷன் சிற்றுண்டிக் கடையில் ஒரு காபி குடித்துவிட்டுப் போகலாம் என்று நின்றேன். கடைக்காரம்மா, "கலினா சார், டிராம் எங்க விட்டுட்டு வந்தீங்க?" என்றாள். எல்லோரும் சூழ்ந்துகொண்டார்கள். ஒருவர் தன் சாசேஜில் பாதியை வெட்டி என் தட்டில் வைத்தார். நானும் கலினா மாதிரியே பேசினேன், ஜோக் அடித்தேன். பதினொன்றரைக்குத் திரும்பும் ரயில் வந்தது. அதில் ஏறிவிட்டேன்.

மாலை வாங்கியிருந்தேன். அதை ரயிலிலேயே வைத்துவிட்டு இறங்கிவிட்டேன் என்று வீட்டுக்கு வந்த பிறகுதான் தெரிந்தது. என்னை அப்பனைப் போலப் பார்த்துக்கொண்ட மனிதர். ரொம்ப வெட்கமாக இருக்கிறது ரூஷெங்கா.

ஹினெக்


லிபோவிட்ஸே, 20 பிப்ரவரி 1990

திரு. தூமா,

ஐந்து வருடமாக உங்கள் கடிதத்துக்குப் பதில் போடவில்லை. இப்போது எழுத இரண்டு காரணம்.

ஒன்று. ஆட்சி மாறியது, எங்கள் அரங்குக்கும் புதிய இயக்குநர் வந்திருக்கிறார். மார்ச் 27, நாடக தினத்தன்று, சிறிய மேடைக்கு ராடிமின் பெயரை வைக்கிறார்கள். பேச உங்களைக் கூப்பிடப் போகிறார்கள். "தூமா வந்தா ஹால் நிறையும்மா" என்கிறார் அந்தப் பிள்ளை. ஓய்வு வயது தாண்டியும் என்னை வேலையில் வைத்திருப்பவர், அவரிடம் நான் என்ன சொல்ல?

இரண்டு. வார இதழில் உங்கள் பேட்டியைப் படித்தேன். "வருகைப் பதிவுன்னு நெனச்சுத்தான் போட்டேன். ராடிம் வாலெந்தா என்னைப் புரிஞ்சுக்கிட்டார்" என்று சொல்லியிருக்கிறீர்கள். ராடிம் உங்களைப் புரிந்துகொண்டதாக என்னிடம் ஒரு நாளும் சொன்னதில்லை. கேள்வி கேட்க அவர் உயிரோடு இல்லை என்பதால் நீங்கள் அவர் வாயில் வசனம் வைக்க முடியாது. மற்றவர்கள் வாயில் வசனம் வைப்பது என் தொழில், அதன் கஷ்டம் எனக்குத் தெரியும்.

நீங்கள் வருவதாக இருந்தால் அந்த மேடையில் ஏறி உண்மையைச் சொல்லுங்கள். இல்லையென்றால் படப்பிடிப்பு இருக்கிறது என்று தந்தி கொடுத்துவிடுங்கள்.

ரூஷேனா வாலெந்தோவா


பிராக், 28 பிப்ரவரி 1990

மதிப்புக்குரிய திருமதி வாலெந்தோவா,

நீங்கள் சொன்ன மரியாதையை இந்தக் கடிதத்திலிருந்து நானும் எடுத்துக்கொள்கிறேன். நீ என்று எழுதிக்கொண்டே இதைச் சொல்ல முடியாது.

வாசல் மேஜை நிஜம், அந்த அம்மாளும் நிஜம். வருகைப் பதிவில் கையெழுத்துப் போட்டதும் நிஜம். ஆனால் காகிதம் இரண்டு. இரண்டாவது காகிதம் உள்ளே வரிசை வரிசையாகக் கைமாறி வந்தது. மேலே பதினோரு வரி, கீழே கோடு போட்ட இடம். எங்கள் வரிசையில் யாரும் படிக்கவில்லை. பேனாவை வாங்கினார்கள், போட்டார்கள், பக்கத்தில் தள்ளினார்கள். நான் ஒருத்தன்தான் படித்தேன். எனக்கு எதையும் ஒரு தடவை படித்தால் ஏறாது என்று உங்களுக்கே தெரியும், அதனால் இரண்டு தடவை படித்தேன். பக்கத்து சீட்டுக்காரர், "என்னய்யா மனப்பாடம் பண்றியா, பின்னாடி காத்துட்டிருக்காங்க" என்றார்.

ராடிமின் முகம் நினைவில் வந்தது. வராமல் இல்லை. மறுநாள் கலினா படப்பிடிப்பு இருக்கிறது என்பதும் நினைவில் வந்தது. போட்டேன்.

வாழ்நாளில் ஒரு வேடத்தின் வசனமும் எனக்கு மறு வருடம் வரை நினைவில் நின்றதில்லை. அந்தப் பதினோரு வரியை மட்டும் இப்போது கேட்டாலும் ஒப்பிப்பேன்.

இதை உங்களுக்கு எழுத முடிகிறது. மேடையில் சொல்வது வேறு. பதினைந்து வருடம் கழித்து எனக்கு ஒரு பெரிய வேடம் வந்திருக்கிறது. சினிமா. ஒரு காகிதத்தில் கையெழுத்துப் போட மறுத்துச் சிறைக்குப் போகும் பாதிரியார். படத்தின் உச்சமே அவர் பேனாவைக் கீழே வைக்கும் காட்சிதான். இதைச் சொல்லிவிட்டால் அந்த அங்கியை எனக்கு யார் போட்டுவிடுவார்கள்? எனக்கு ஐம்பத்தாறு வயது. இதை விட்டால் டிராம் ஓட்டுநராகவே செத்துப்போவேன்.

ஹினெக் தூமா


லிபோவிட்ஸே, 6 மார்ச் 1990

திரு. தூமா,

படித்தேன். எரிக்கவில்லை.

உங்கள் பாதிரியாரைப் பற்றி நான் ஒன்றும் சொல்ல முடியாது. 27ஆம் தேதி மாலை ஐந்து மணிக்கு நிகழ்ச்சி. நான் வழக்கம்போல் பெட்டியில் இருப்பேன்.

ரூ. வா.


பிராக், 30 மார்ச் 1990

மதிப்புக்குரிய திருமதி வாலெந்தோவா,

நிகழ்ச்சி முடிந்ததும் உங்களைத் தேடினேன். பின்வாசல் வழியாகப் போய்விட்டீர்கள் என்றார்கள். அதனால் கேட்க நினைத்ததைத் தபாலில் கேட்கிறேன்.

முதல் கால் மணி நேரம் நன்றாகப் போனது. ராடிம் என்னை ஒத்திகையில் நாற்காலியோடு சேர்த்துக் கட்டிய கதைக்கு ஹாலே குலுங்கியது. பிறகு, "எழுபத்தேழு ஜனவரியில ஒரு கூட்டம் நடந்தது. அதுல நான்" என்று ஆரம்பித்தேன். அதோடு எல்லாம் போய்விட்டது. எழுதி வைத்து, கண்ணாடி முன் நின்று நாற்பது தடவை சொல்லிப் பார்த்த வாக்கியம். மூக்கைத் தொட்டேன். உங்களைப் பார்த்தேன். நீங்களும் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தீர்கள். உங்கள் வாய் திறந்தது. காத்திருந்தேன். நீங்கள் வாயை மூடிவிட்டீர்கள்.

கடைசி வரிசையிலிருந்து, வாசலில் பார்வையாளர்களின் கோட்டுகளை வாங்கி வைக்கும் அம்மாள், "என்னப்பா, டிராம் நின்னுடுச்சா?" என்றாள். சிரித்தார்கள். சிரித்து ஓய்ந்தார்கள். அப்போதும் நீங்கள் எடுத்துக் கொடுக்கவில்லை. உங்கள் மேல் வந்த கோபம் எனக்கு வேறு யார் மேலும் வந்ததில்லை. அந்தக் கோபத்தில்தான் சொன்னேன். "அதுல நான் தெரிஞ்சேதான் கையெழுத்துப் போட்டேன். வருகைப் பதிவுன்னு சொன்னதெல்லாம் பொய். ராடிம் என்னைப் புரிஞ்சுக்கிட்டார்னு சொன்னதும் பொய். அவர்கிட்ட நான் கேக்கவே இல்லை" என்றேன்.

யாரும் கை தட்டவில்லை. நான் மேடையை விட்டு இறங்கும்போது சாம்பல் நிறக் கோட்டுப் போட்ட ஒருவர் வந்தார். கொதிகலனில் ராடிமோடு வேலை பார்த்தவராம். "அவருக்கு எல்லாம் தெரியும் சார். ஒரு நாளும் உங்களத் திட்டினதில்ல. நாங்க டிவில கலினா போட்டா மட்டும் எழுந்து வெளில போயிடுவார். முடிஞ்சதும் வந்து, 'நல்லா பண்ணினானா?'ன்னு கேப்பார்" என்றார். ரயில் முழுக்க அழுதுகொண்டே வந்தேன். டிக்கெட் பரிசோதகர் என்னிடம் டிக்கெட்டே கேட்கவில்லை.

நேற்றுக் காலை சினிமாக்காரர்கள் கூப்பிட்டார்கள். பாதிரியார் வேடத்துக்கு இன்னும் மெலிந்த ஆள் வேண்டுமாம்.

முதலில் ஏன் என்னைத் தவிக்கவிட்டீர்கள் என்று கேட்கத்தான் எழுத உட்கார்ந்தேன். எழுத எழுத எனக்கே புரிகிறது. நீங்கள் எடுத்துக் கொடுத்திருந்தால் அது உங்கள் வாக்கியமாகப் போயிருக்கும், நான் திருப்பிச் சொன்ன இன்னொரு வசனம். என்னையே சொல்லவைக்கத்தான் வாயை மூடினீர்கள். வேடம் போனதில் வருத்தம் இருக்கிறது, இல்லையென்று சொல்லமாட்டேன். ஆனாலும் உங்களுக்கு நன்றி. உங்களைப் போல நேராக நிற்கிற ஒருவர் எதிரில் இருந்ததால்தான் முடிந்தது.

ஹினெக் தூமா


லிபோவிட்ஸே, 5 ஏப்ரல் 1990

திரு. தூமா,

உங்கள் நன்றியை நான் வைத்துக்கொள்ள முடியாது. மூன்று நாளாக அது சமையலறை மேஜையில் கிடக்கிறது, அங்கே உட்கார்ந்து எனக்குச் சாப்பிட முடியவில்லை.

நான் உங்களுக்குப் பாடம் நடத்தவில்லை. வாக்கியம் என் நாக்கு நுனியில் இருந்தது. 'நான் தெரிஞ்சேதான் கையெழுத்துப் போட்டேன்.' எடுத்துக் கொடுக்கத்தான் வாயைத் திறந்தேன். முப்பத்தாறு வருடத்தில் முதல் தடவையாகக் குரல் வரவில்லை.

1977 ஜனவரி 31, திங்கட்கிழமை. எங்கள் அரங்கின் தையலறையில் இஸ்திரி மேஜை மேல் ஒரு காகிதம் வைத்திருந்தார்கள். தையல்காரர்கள், விளக்குப் போடுபவர்கள், விக் கட்டும் பெண்கள் எல்லோரும் போட்டாகிவிட்டது. அப்போதைய நிர்வாகி என்னைக் கூப்பிட்டார். "ரூஷேனா, உங்க ஒருத்தர் கையெழுத்துதான் பாக்கி. வீட்டுக்காரர் பண்ணினதுக்கு உங்களையும் அனுப்பச் சொல்றாங்க. இதப் போட்டுட்டா நான் பேசிக்கறேன்" என்றார். அது வருகைப் பதிவு இல்லை. மேலே அதே பதினோரு வரி இருந்தது. நான் படித்தேன். பிறகு போட்டேன். உங்கள் பெயர் பத்திரிகையில் வந்தது. பிராம்ப்டர் பெயரை யார் அச்சடிக்கப் போகிறார்கள்?

அதற்கு ஆறு நாள் கழித்து, அதே கையால்தான் உனக்கு அந்த முதல் கடிதத்தை எழுதினேன்.

ராடிமிடம் சொல்லவில்லை ஹினெக். ஏழு வருடம் அவருக்கு எதிரில் உட்கார்ந்து சூப் குடித்தேன், சொல்லவில்லை. "உன்னை எப்படி அவங்க விட்டு வெச்சாங்க?" என்று ஒரு தடவை கேட்டார். "என்னைவிட்டா இவங்களுக்கு எடுத்துக் குடுக்க யாரு இருக்கா?" என்றேன். நம்பினாரா, நம்பியதுபோல இருந்தாரா என்று இன்றைக்கு வரை எனக்குத் தெரியாது. உன்னைத் திட்டும்போதெல்லாம் எனக்குள் கொஞ்சம் லேசாக இருந்தது. அதற்காகவே உன் மேல் கோபத்தை அணையாமல் பார்த்துக்கொண்டேன். நீ அனுப்பிய கடிதம் ஒவ்வொன்றையும் அதற்காகத்தான் பத்திரமாக வைத்திருக்கிறேன்.

நீ சொல்லிவிட்டாய். அதற்கு உன் வேடம் போனது. நான் பின்வாசல் வழியாக வீட்டுக்கு வந்தேன், வழியில் இரண்டு பேர் என் கையைப் பிடித்து, "ராடிமுக்கு ஏத்த பொண்டாட்டிம்மா நீங்க" என்றார்கள். அதைக் கேட்டுக்கொண்டு நின்றேன்.

வருகிற வியாழன் காலை பத்து மணிக்கு அரங்கில் ஊழியர் கூட்டம். தையலறைக்காரர்களில் நான்கு பேர் இன்னும் இருக்கிறார்கள். எழுந்து சொல்லப்போகிறேன். இயக்குநரிடம் ஐந்து நிமிடம் கேட்டு வாங்கிவிட்டேன், எதற்கென்று அவருக்குத் தெரியாது.

கேட்டால் நீ அடுத்த ரயிலிலேயே கிளம்பி வருவாய், எனக்குத் தெரியும். வராதே ஹினெக். நீ வந்து உட்கார்ந்தால் எல்லோரும் உன்னைத்தான் திரும்பிப் பார்ப்பார்கள். அன்றைக்கு ஒரு நாள் அவர்கள் என்னைப் பார்க்க வேண்டும்.

ரூஷேனா